யாரு கண்டா? விட், வாட், விஸ்ட் என்ற பழைய ஆங்கில வினைச்சொல்லைப் படிக்கும் வழி

கிங் ஜேம்ஸ் பைபிளை ஆங்கிலத்திலேயே படித்துவிட வேண்டும் என்று உட்காருபவர்கள், பி.ஏ. ஆங்கில இலக்கியத்தில் ஷேக்ஸ்பியர் தாளுக்குத் தயாராகிறவர்கள், சீனியர் கொடுத்த பழைய ஆங்கிலப் பத்திரத்தை வரி வரியாகப் பார்க்கும் ஜூனியர் வக்கீல்கள். இவர்கள் எல்லோரும் முட்டிக்கொள்ளும் சின்னச் சொல் ஒன்று இருக்கிறது. டபிள்யூ, ஐ, டி என்று மூன்றே எழுத்து: விட். நகைச்சுவை, சாதுரியம் என்று பள்ளியில் படித்த பெயர்ச்சொல்லை இங்கே கொண்டுவந்தால் வாக்கியம் நகராது. இது வினைச்சொல். பொருள்: அறிதல், தெரிந்திருத்தல்.

இவ்வளவுதான் என்றால் அகராதியே போதும். சிக்கல் என்னவென்றால், இந்தச் சொல் தன் சொந்த முகத்தோடு வருவது அபூர்வம். ஓரிடத்தில் வாட் என்று வரும், இன்னோரிடத்தில் விஸ்ட் என்று வரும், பத்திரத்தில் 'டு விட்' என்று காற்புள்ளிகளுக்கு நடுவே ஒட்டிக்கொண்டு நிற்கும். பழைய ஆங்கிலத்துக்குக் கைகொடுக்கும் நூல்கள் தவ் (நீ), ஹாத் (ஹாஸ்), டோத் (டஸ்) ஆகியவற்றைப் பாடம் நடத்திவிட்டு இதை அடிக்குறிப்பில் தள்ளிவிடுகின்றன. எனக்கு அது தலைகீழாகத் தெரிகிறது. தவ் என்பது யாருக்கும் புரியும். குழப்புவது இதுதான். அதிலும் தமிழ் பேசுகிறவர்களுக்கு இதைப் பிடிக்க ஒரு குறுக்குவழி இருக்கிறது. இரண்டாம் படியில் வரும்.

படி 1: மூன்று முகங்களை அடையாளம் காணுங்கள்

விட் என்பது மூல வடிவம். இதற்கு முன்னால் பெரும்பாலும் 'டு' இருக்கும்.

வாட் என்பது நிகழ்காலம். டபிள்யூ, ஓ, டி. 'ஐ வாட்' என்றால் நான் அறிவேன். 'வீ வாட்' என்றால் நாங்கள் அறிவோம். உச்சரிப்பில் 'என்ன' என்று கேட்கும் வாட்டுக்கும் இதற்கும் இன்றைய காதில் பெரிய வித்தியாசம் தெரியாது. எழுத்தைப் பார்த்துத்தான் பிரிக்க வேண்டும்.

விஸ்ட் என்பது இறந்தகாலம். டபிள்யூ, ஐ, எஸ், டி. 'ஹீ விஸ்ட்' என்றால் அவன் அறிந்திருந்தான்.

எழுத்துக்கூட்டல் நூலுக்கு நூல் மாறும். 14ஆம் நூற்றாண்டுக் கவிஞர் சாசரில் வாட் இரண்டு ஓ போட்டு வரும். ஸ்காட்லாந்துக் கதைப்பாடல்களில் ஓ இருக்க வேண்டிய இடத்தில் ஏ இருக்கும். அச்சுப்பிழையோ என்று நினைக்க வேண்டாம், அதே சொல்தான்.

ஆங்கிலோ-சாக்சன் காலத்தில் அறிதலுக்கு இரண்டு வினைகள் தனித்தனியே இருந்தன. செய்தியை, உண்மையை அறிந்திருக்க விடான் என்ற வினை. இதுதான் பின்னால் விட் ஆனது. ஆளை, பொருளை அடையாளம் தெரிந்திருக்க இன்னொரு வினை. அதுதான் இன்றைய 'நோ'. ஜெர்மனில் இந்தப் பிரிவினை இன்றும் அப்படியே இருக்கிறது, விஸ்ஸன் ஒன்று, கென்னன் இன்னொன்று. ஆங்கிலத்தில் நோ மெல்ல மெல்ல விட்டை விழுங்கி இரண்டு வேலையையும் தானே எடுத்துக்கொண்டது. நம் 'தெரியும்' மாதிரி: அவரைத் தெரியும், விஷயம் தெரியும், நீச்சல் தெரியும், எல்லாவற்றுக்கும் ஒன்றே.

படி 2: வாட் ஏன் நிகழ்காலம்? 'யாரு கண்டா' என்று சொல்லிப் பாருங்கள்

இந்தப் படியை அவசரமாகத் தாண்டாதீர்கள். இது பிடிபட்டால் மற்றவை தானாக வரும்.

'நாளைக்கு மழை வருமா?' என்று கேட்டால், 'யாரு கண்டா?' என்கிறோம். யாழ்ப்பாணத்தில் 'ஆர் கண்டது?' என்பார்கள். கண்டா, கண்டது இரண்டுமே இறந்தகாலம். பொருளோ நிகழ்காலம்: யாருக்குத் தெரியும்? வினை 'பார்', பொருள் 'அறி'. 'நான் என்னத்தக் கண்டேன்' என்று ஒரு பாட்டி அலுத்துக்கொண்டால், எனக்கு ஒன்றும் தெரியாது என்கிறாள். கண்ணில் கோளாறு என்று நாம் எடுத்துக்கொள்வதில்லை. பார்த்தாயிற்று, ஆகவே இப்போது தெரியும். இந்தத் தாவலை நாம் தினமும் யோசிக்காமல் செய்கிறோம்.

வாட் செய்வதும் இதையேதான். இந்தோ-ஐரோப்பிய மொழிகளின் மூதாதை மொழியில் 'வெய்ட்' என்ற வேர் 'பார்' என்ற பொருளில் இருந்தது. அதன் முற்றுப்பெற்ற வடிவம், அதாவது 'கண்டிருக்கிறேன்', 'அறிவேன்' என்று பொருள் மாறியது. கிரேக்கத்தில் அது ஓய்டா, நான் அறிவேன். சமஸ்கிருதத்தில் வேத, நான் அறிவேன் அல்லது அவன் அறிவான். ஜெர்மனில் வைஸ். ஆங்கிலத்தில் வாட். நான்கும் ஒரே சொல்லின் ஒரே வடிவம். பார்த்தல் என்ற பழைய பொருள் லத்தீனில் அப்படியே தங்கியது. விடியோ, விஷன் எல்லாம் அந்தக் கிளை. சமஸ்கிருதக் கிளையிலிருந்து வேதம், வித்தை, வித்துவான் ஆகியவற்றைத் தமிழ் கடன் வாங்கிக்கொண்டது. தமிழ்க் கிறிஸ்தவர்கள் பைபிளை வேதாகமம் என்கிறார்கள். அந்த வேதாகமத்தின் பழைய ஆங்கிலப் பெயர்ப்பில் வரும் வாட்டும், வேதாகமத்தில் இருக்கும் வேதமும் தூரத்துச் சொந்தம்.

பிறப்பால் இறந்தகாலம், வேலையால் நிகழ்காலம் என்ற இந்த வகை வினைகளை உங்களுக்கு ஏற்கெனவே தெரியும். கேன், மே, ஷால், மஸ்ட் எல்லாம் இந்தக் கூட்டம்தான். 'ஹீ கேன்' என்கிறோம், கேனுக்கு எஸ் சேர்ப்பதில்லை. இறந்தகால வடிவத்துக்கு எஸ் ஏது? அதே காரணத்தால்தான் பழைய நூல்களில் 'ஹீ வாட்' என்று எஸ் இல்லாமல் வரும். வாட் நிகழ்கால வேலைக்குப் போய்விட்டதால், இறந்தகாலத்துக்குப் புதிதாக ஒரு வடிவம் தேவைப்பட்டது. அதுதான் விஸ்ட்.

ஐரோப்பாவில் வாழும் ஈழத்தமிழர்களுக்கு இந்தப் படியே தேவைப்படாது. நோர்வேயில் வளர்ந்த பிள்ளை 'யெய் வெட் இக்கெ' என்று நாளுக்கு நூறு தரம் சொல்லும். அது அப்படியே 'ஐ வாட் நாட்'. அங்கே இறந்தகாலம் விஸ்தெ, இங்கே விஸ்ட். ஜெர்மனியிலும் சுவிஸிலும் இருப்பவர்களுக்கு வைஸ், வுஸ்தெ. ஆங்கிலம் கைவிட்ட சொல்லை அதன் பங்காளி மொழிகள் அன்றாடம் புழங்குகின்றன.

படி 3: ராகாபின் வாயால் கேளுங்கள்

இரண்டு காலத்தையும் அடுத்தடுத்து வைத்துப் பழக ஒரு நல்ல இடம் இருக்கிறது. 1611ஆம் ஆண்டின் கிங் ஜேம்ஸ் பைபிளில் யோசுவா 2ஆம் அதிகாரம், 4, 5ஆம் வசனங்கள். எரிகோ நகரத்தில் ராகாப் என்ற பெண் இஸ்ரவேலின் வேவுகாரர்களைக் கூரைமேல் ஒளித்துவைத்துவிட்டு ராஜாவின் ஆட்களிடம் பொய் சொல்கிறாள்.

முதலில் 'ஐ விஸ்ட் நாட் வென்ஸ் தே வேர்' என்கிறாள். அவர்கள் வந்தபோது எந்த ஊர்க்காரர்கள் என்று எனக்குத் தெரிந்திருக்கவில்லை. அடுத்த வசனத்தில், 'விதர் த மென் வென்ட் ஐ வாட் நாட்'. அவர்கள் எங்கே போனார்கள் என்று இப்போது எனக்குத் தெரியாது. அப்போது தெரியவில்லை, இப்போதும் தெரியாது. பொய்யைக் கூட ஒழுங்காகக் காலம் பிரித்துச் சொல்கிறாள்.

தமிழில் பேச்சுவாக்கில் சொன்னால் இரண்டுக்கும் 'எனக்குத் தெரியாது' என்றே சொல்லிவிடுவோம். நம் 'தெரியாது' காலம் காட்டாத சொல். அதனாலேயே நமக்கு வாட்டும் விஸ்ட்டும் ஒன்றுபோல் மயங்கும். முதல் சில வாரங்களுக்காவது விஸ்ட்டைப் பார்த்ததும் மனதுக்குள் 'அப்போது' என்று ஒரு சொல்லைச் சேர்த்துப் படியுங்கள்.

பிறகு இவற்றைப் பாருங்கள். யாத்திராகமம் 16:15இல் வனாந்தரத்தில் மன்னா விழுந்து கிடக்கிறது, 'தே விஸ்ட் நாட் வாட் இட் வாஸ்'. நடுவில் வரும் வாட் 'என்ன' என்ற வாட், வினை அல்ல. யாத்திராகமம் 34:29இல் மலையிலிருந்து இறங்கும் மோசேயின் முகம் ஒளிவீசுகிறது, அது அவனுக்கே தெரியவில்லை. அங்கும் விஸ்ட் நாட். நியாயாதிபதிகள் 16:20இல் மயிர் சிரைக்கப்பட்ட சிம்சோன், கர்த்தர் தன்னைவிட்டுப் போய்விட்டதை அறியாமல் முன்போல எழும்பி உதறிக்கொள்ளப் போகிறான், விஸ்ட் நாட். இப்படித் தொடர்ந்து படித்தால் ஒன்று கண்ணில் படும்: இந்தச் சொல் அறிதலைவிட அறியாமையோடுதான் அதிகம் சேர்ந்து வருகிறது.

லூக்கா 2:49 எல்லாவற்றிலும் பிரபலம். பன்னிரண்டு வயது இயேசுவை ஆலயத்தில் கண்டுபிடித்த பெற்றோரிடம் அவர் 'விஸ்ட் யீ நாட்' என்று கேட்கிறார். யீ என்றால் நீங்கள். தமிழ் வேதாகமத்தில் இது 'அறியீர்களா'. இந்த ஆங்கிலச் சொல் 1526இல் வில்லியம் டிண்டேல் அச்சிட்ட புதிய ஏற்பாட்டிலேயே இருக்கிறது. 1611இன் அறிஞர்கள் அதை மாற்றவில்லை. கிரேக்க மூலத்தில் அந்த இடத்தில் இருப்பது ஓய்டாவின் இறந்தகால வடிவம். டிண்டேல் கிரேக்கச் சொல்லுக்குப் பக்கத்தில் வைத்தது அதன் சொந்த உடன்பிறப்பை.

1611இலேயே இந்தச் சொல்லுக்கு வயதாகிவிட்டது. அந்தப் பெயர்ப்பில் பெரும்பாலான இடங்களில் நோதான் வருகிறது. விட் குடும்பம் அங்கங்கே பழைய பெயர்ப்புகளிலிருந்து தங்கிப்போனது. 1982இல் முழுமையாக வெளிவந்த நியூ கிங் ஜேம்ஸ் பதிப்பு லூக்காவின் வரியை 'டிட் யூ நாட் நோ' என்று மாற்றிவிட்டது.

படி 4: தமிழ் வேதாகமத்தைப் பக்கத்தில் திறந்து வையுங்கள்

விசுவாசம் உங்கள் விருப்பம். படிப்புக்கு இது மிக வசதியான கருவி. வசன எண் இருப்பதால் தேட வேண்டியதே இல்லை. அதைவிட முக்கியம், நம் பழைய தமிழ்ப் பெயர்ப்பின் நடை. பிலிப்பியர் 1:22இல் ஆங்கிலம் 'ஐ வாட் நாட்' என்கிற இடத்தில் தமிழ் 'அறியேன்' என்கிறது. 'எனக்குத் தெரியாது' என்று எழுதியிருந்தால் பொருள் வந்திருக்கும், தொனி வந்திருக்காது. அறியேன், அறியீர்களா, அறியாதிருந்து: இவை இன்று நாம் கடைத்தெருவில் பேசாத, ஆனால் கேட்டால் புரிகிற வடிவங்கள். இன்றைய ஆங்கிலேயர் ஒருவர் காதில் வாட்டும் விஸ்ட்டும் விழும்போது ஏறக்குறைய அதே தூரம்தான்.

ஆகவே மொழிபெயர்க்கும் வேலை உங்களுக்கு வந்தால் 'தெரியும்' பக்கம் போகாமல் 'அறி' பக்கம் போங்கள். பாத்திரம் அரசனாக இருந்தால் மட்டுமல்ல, ராகாபாக இருந்தாலும்.

படி 5: 'டூ' இல்லாமல் பழகுங்கள்

இன்றைய ஆங்கிலத்தில் மறுக்கவோ கேள்வி கேட்கவோ 'டூ', 'டிட்' வேண்டும். விட் அந்தப் பழக்கத்துக்கு முந்தியது. மறுப்புக்கு வினைக்குப் பின்னால் நாட்: வாட் நாட், விஸ்ட் நாட். கேள்விக்கு வினை முன்னால் வந்து நிற்கும்: வாட் யீ, விஸ்ட் யீ. ரோமர் 11:2இல் 'வாட் யீ நாட்' என்று இரண்டும் சேர்ந்து வரும்.

படி 6: கெட்டுப்போன வடிவங்களைக் கண்டு மிரளாதீர்கள்

வாட் உண்மையில் ஒரு பழைய இறந்தகாலம் என்பது காலப்போக்கில் மறந்துபோயிற்று. மறந்ததும், மற்ற வினைகளுக்குச் செய்வதை இதற்கும் செய்யத் தொடங்கினார்கள். ஆதியாகமம் 39:8இல் யோசேப்பு, போத்திபாரின் மனைவியிடம் தன் எஜமானைப் பற்றிச் சொல்லும்போது 'வாட்டெத் நாட்' என்கிறான். இன்றைய எஸ்ஸுக்குப் பதில் அன்று போட்ட எத் சேர்ந்துவிட்டது. கேனுக்கு எத் போட்டுக் 'கேனெத்' என்று எழுதினால் எப்படி இருக்கும்? அப்படித்தான் இதுவும், ஆனால் அச்சேறிவிட்டது.

ஷேக்ஸ்பியரில் எஸ் சேர்ந்து வாட்ஸ் என்று வரும். டைட்டஸ் ஆன்ட்ரோனிக்கஸ் நாடகத்தில் டெமட்ரியஸ் ஒரு பழமொழியை அவிழ்த்துவிடுகிறான்: ஆலைக்காரன் அறிவதைவிட அதிகத் தண்ணீர் அவன் ஆலையைத் தாண்டி ஓடுகிறது. அங்கே 'அறிவது' வாட்ஸ். கோடைநள்ளிரவுக் கனவு நாடகத்திலும் ஒரு டெமட்ரியஸ் உண்டு, வேறு ஆள், ஏதென்ஸ்காரன். காட்டில் விழித்தெழுந்து, எந்தச் சக்தியால் என் மனம் மாறியதென்று 'ஐ வாட் நாட்' என்கிறான். பேர்ராசி போலிருக்கிறது.

ஐந்தாம் ஹென்றியில், போருக்கு முந்தைய இரவு, அரசன் தனியே புலம்பும் இடத்திலும் வாட்ஸ் இருக்கிறது. நாட்டில் அமைதி நிலவ அரசன் எத்தனை இரவு கண்விழிக்கிறான் என்பதை நிம்மதியாகத் தூங்கும் அடிமை எங்கே அறியப்போகிறான் என்ற அங்கலாய்ப்பு.

படி 7: 'டு விட்' வந்தால் நின்று பாருங்கள்

இங்கேதான் ஜூனியர் வக்கீல்கள் வருகிறார்கள். டு விட் மூன்று வேலை செய்யும்.

முதலாவது நேர்ப்பொருள், 'அறிய'. யாத்திராகமம் 2:4இல் நாணல் பெட்டியில் விடப்பட்ட குழந்தை மோசேக்கு என்ன ஆகுமோ என்று அறிய அவன் அக்காள் தூரத்தில் நிற்கிறாள். அறிய என்ற இடத்தில் டு விட். முன்னால் காற்புள்ளி இருந்தாலும் பின்னால் வாக்கியம் தொடர்ந்து ஓடும்.

இரண்டாவது கொஞ்சம் முரண்டு பிடிக்கும். 2 கொரிந்தியர் 8:1இல் 'வீ டூ யூ டு விட்' என்று இருக்கிறது. இன்றைய ஆங்கிலம் மட்டும் தெரிந்தவர் இதில் தலையும் காலும் கண்டுபிடிக்க முடியாது. இங்கே 'டூ' என்பதற்குச் 'செய்யவை' என்று பொருள்: உங்களை அறியச் செய்கிறோம். தமிழ் வேதாகமம் ஒரே சொல்லில் முடித்துவிடுகிறது, 'அறிவிக்கிறோம்'. அறிக்கு ஒரு 'வி' சேர்த்தால் பிறவினை. ஆங்கிலத்துக்கு அந்த வசதி இல்லாததால் நான்கு சொல் செலவழிக்கிறது.

மூன்றாவதுதான் இன்றும் உயிரோடு இருப்பது. இரண்டு பக்கமும் காற்புள்ளி போட்டு நடுவில் டு விட் நின்றால், 'அதாவது' என்று படியுங்கள். ரோமர் 8:23இல் புத்திரசுவிகாரம், டு விட், சரீர மீட்பு என்று வருவது இந்த வகை. பத்திரங்களிலும் வழக்கு மனுக்களிலும் பொதுவாக ஒன்றைச் சொல்லிவிட்டு, அது இன்னது என்று குறிப்பாகப் பட்டியலிடும் முன் இதைப் போடுவார்கள். 'கீழ்க்கண்ட அசையும் சொத்துக்கள், டு விட், ஒரு மேசை, இரண்டு நாற்காலிகள்' என்கிற பாணி. பத்திரத் தமிழில் 'அஃதாவது' இந்த இடத்துக்கு அளவெடுத்துத் தைத்தது போல் பொருந்தும்.

இது எப்படி நீதிமன்றத்துக்குள் வந்தது? நார்மன் வெற்றிக்குப் பிறகு இங்கிலாந்து நீதிமன்றங்களில் பிரெஞ்சு வெகுகாலம் ஆண்டது. அந்தச் சட்டப் பிரெஞ்சில் 'செத்தாசவுவார்', அறியவேண்டியது யாதெனில், என்று ஒரு தொடர் உண்டு. அதன் ஆங்கில நிழல்தான் 'தட் இஸ் டு விட்'. பிறகு முன்பாதி உதிர்ந்து டு விட் மட்டும் நின்றது. இதே வேலையை லத்தீனில் செய்வது விடெலிசெட். நம் ஊர் அலுவலகக் கடிதங்களில் வி, ஐ, இஸட் என்று மூன்றெழுத்தில் சுருக்கி எழுதுகிறோமே, அது. விடெலிசெட்டுக்குள் இருப்பது 'பார்' என்ற லத்தீன் வினை. மறுபடியும் யாரு கண்டா.

வக்கீல்களுக்கு ஒரு வார்த்தை: பழைய பத்திரத்தைப் படிக்க இது தெரிந்திருக்க வேண்டும், புதிய பத்திரத்தில் எழுத வேண்டிய கட்டாயம் எதுவும் இல்லை. 'நேம்லி' என்று போட்டாலும் அதே வேலை நடக்கும், கட்சிக்காரருக்கும் புரியும்.

படி 8: வேடதாரிகளைத் தள்ளி வையுங்கள்

மிக மோசமான வேடதாரி 'ஐ விஸ்'. ஐ, இடைவெளி, விஸ். நான் அறிவேன் என்று பொருள் சொல்லத் தோன்றும். உண்மையில் இது ஒரே சொல்: இவிஸ், நிச்சயமாக என்ற வினையடை. பழைய ஏடுகளில் முதலெழுத்து பிரிந்து எழுதப்பட்டதால் பின்னால் வந்தவர்கள் அதை 'நான்' என்று படித்துவிட்டார்கள், விஸ் என்றொரு இல்லாத வினையையும் பிறப்பித்துவிட்டார்கள். 1842இல் ரோமானியக் கதைப்பாடல்களைப் பாடிய மெக்காலே, செனட்டில் யாருடைய நெஞ்சும் கலங்காமல் இல்லை என்று சொல்லும் இடத்தில் 'ஐ விஸ்' போட்டிருக்கிறார். ஆமாம், 1835 கல்விக் குறிப்பின் அதே மெக்காலேதான். இந்தியாவுக்கே ஆங்கிலம் படிப்பிக்கச் சொன்னவர். இதைச் சொல்லிக்காட்டாமல் என்னால் போக முடியவில்லை.

'காட் வாட்', கடவுளறிய, என்பது வேடதாரி அல்ல, அசல். சாசரில் ஏராளம். ஆனால் டி. ஈ. பிரவுன் என்ற மான் தீவுக் கவிஞர் 19ஆம் நூற்றாண்டில் தோட்டத்தைப் பற்றிய ஒரு சிறு கவிதையில் எதுகைக்காக இதைப் போட்டுவைக்க, அது அளவுக்கு மீறிப் புகழ்பெற்றுக் கேலிக்கும் ஆளானது. செயற்கையாகப் பழமை பூசிய எழுத்துக்குக் 'காட்வாட்டரி' என்றே ஆங்கிலத்தில் பெயர் வந்துவிட்டது.

மற்றவை சில்லறை. லண்டன் கொச்சையில் 'என்ன' என்பதையே ஓ போட்டு வாட் என்று எழுதுவார்கள், இதற்கும் அதற்கும் உறவில்லை. இணையத்தில் இந்த மூன்றெழுத்தைத் தேடினால் டாங்கிச் சண்டை விளையாட்டு ஒன்றுதான் முதலில் வந்து நிற்கும். 'விஸ்ட்ஃபுல்' என்ற ஏக்கத்துக்கும் விஸ்ட்டுக்கும் முடிச்சுப் போடாதீர்கள். ஆந்தை ஆங்கிலத்தில் 'டு-விட்' என்றுதான் அலறும். அதற்கும் பத்திரம் எழுதத் தெரியாது.

உண்மையான வாரிசுகளும் இருக்கிறார்கள். விட்னஸ், சாட்சி: ஆதியில் 'அறிவு' என்றிருந்து, அறிந்ததைச் சொல்வது, சொல்பவர் என்று வளர்ந்த சொல். அன்விட்டிங்லி, அறியாமல். வைஸ், விஸ்டம் இரண்டும் அதே வேர். ஆங்கிலோ-சாக்சன் அரசர்களின் ஆலோசனைச் சபைக்கு விடெனகெமோட் என்று பேர், அறிந்தோர் அவை.

படி 9: எங்கே தேடுவது

அகராதியில் வாட் என்றோ விஸ்ட் என்றோ தேடினால் பெரும்பாலும் 'விட்டைப் பார்' என்று திருப்பி அனுப்பிவிடுவார்கள். நேராக விட்டுக்கே போங்கள். போனதும் முதலில் கண்ணில் படுவது பெயர்ச்சொல்லாக இருக்கும். அதைக் கடந்து வினைச்சொல் பதிவுக்கு இறங்குங்கள். பைபிளுக்கு மட்டும் என்றால் 1890இல் வந்த ஜேம்ஸ் ஸ்ட்ராங்கின் சொல்லடைவு போதும். இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. விஸ்ட் என்று தேடினால் வரும் எல்லா வசனங்களையும் காட்டும், பக்கத்திலேயே எபிரெய அல்லது கிரேக்க மூலச்சொல்லின் எண்ணும் இருக்கும். லூக்கா 2:49க்கு 1492 என்ற கிரேக்க எண்ணைச் சொடுக்கினால் 'பார்', 'அறி' இரண்டும் ஒரே பதிவில் இருப்பதைக் காணலாம்.

படி 10: நீங்கள் எழுதலாமா?

வேண்டாம். வாட்ஸப்பில் ஒருவர் 'யான் அறிகிலேன்' என்று பதில் போட்டால் என்ன நினைப்போமோ அதையே ஆங்கிலேயர் உங்களைப் பற்றி நினைப்பார். நையாண்டிக்காகப் போட்டால் சரி, அப்போதும் டு விட் ஒன்றுதான் தாங்கும். 1926இல் ஃபௌலர் தன் ஆங்கில வழக்கு அகராதியில் இப்படிப் பழஞ்சொல் தூவி எழுதும் நடையை 'வார்டர் தெரு' நடை என்று கிண்டல் செய்தார். லண்டனில் பழமைபோலத் தோற்றமளிக்கும் நாற்காலி மேசைகள் விற்ற தெரு அது.

சரித்திர நாடகமோ புனைவோ ஆங்கிலத்தில் எழுதுகிறீர்கள், பாத்திரம் 15ஆம் நூற்றாண்டு ஆள் என்றால், போடலாம். போட்டால் ஒழுங்காகப் போடுங்கள்: நிகழ்காலத்துக்கு வாட், இறந்தகாலத்துக்கு விஸ்ட், டூ கூடாது, 'ஐ விஸ்' கூடவே கூடாது.

படி 11: கை பழக்கம்

கீழே உள்ளவற்றை கிங் ஜேம்ஸ் பதிப்பில் எடுத்துப் படித்து, முதலில் காலத்தைச் சொல்லுங்கள், பிறகு தமிழாக்குங்கள், பிறகு தமிழ் வேதாகமத்தோடு ஒப்பிடுங்கள்.

ஆதியாகமம் 21:26. கிணற்றுத் தகராறில் அபிமெலேக்கு பேசுகிறான். வாட் நாட், நிகழ்காலம். 'இதைச் செய்தது யாரென்று அறியேன்.'

அப்போஸ்தலர் 23:5. பிரதான ஆசாரியனைத் திட்டிவிட்ட பவுல், திட்டியபிறகு சொல்கிறான். விஸ்ட் நாட், இறந்தகாலம். திட்டும்போது அறியவில்லை, இப்போது தெரிந்துவிட்டது. இங்கே வாட் போட்டிருந்தால் இன்னும் தெரியாது என்று பொருள் மாறியிருக்கும்.

ஆதியாகமம் 44:15. யோசேப்பு சகோதரர்களை மிரட்டுகிறான். வாட் யீ நாட். கேள்வி, மறுப்பு, நிகழ்காலம், டூ இல்லை.

லேவியராகமம் 5:17. இதில் சற்று நிதானம் வேண்டும். தவறு செய்தவன், 'தோ ஹீ விஸ்ட் இட் நாட்', குற்றவாளியே என்கிறது சட்டம். விஸ்ட்டைப் பார்த்ததும் 'அப்போது' சேர்க்கச் சொன்னேன், இங்கே சேராது. நடந்து முடிந்த ஒருவனுடைய கதையை இந்த வசனம் சொல்லவில்லை, யார் செய்தாலும் என்று பொதுவாக விதிக்கிறது. முன்னால் 'தோ' இருப்பதைக் கவனித்து, 'அதை அறியாதிருந்தாலும்' என்று படியுங்கள்.